மறுமொழி: 'இயக்கச் சிற்பம்' வேண்டாம், 'ஆடுசிற்பம்' என்போம்

அன்புள்ள நண்பர்களுக்கு வணக்கம்.

அசைகிற சிற்பங்களைக் குறிக்கும் 'கைனெட்டிக் ஸ்கல்ப்சர்' என்ற ஆங்கிலப் பெயருக்குத் தமிழ்ச் சொல் தேடும் நம் உரையாடலில், இதுவரை வந்த சொற்களில் 'இயக்கச் சிற்பம்' என்பதைத்தான் பலரும் ஏற்றிருக்கிறீர்கள். யாழ்ப்பாணத்திலிருந்து எழுதுகிற எனக்கு அது ஒத்துவரவில்லை. இங்கே 'இயக்கம்' என்றதும் ஆட்களுக்கு நினைவில் வருவது ஆயுதப் போராட்டக் குழு. 'இயக்கத்துக்குப் போனவள்', 'இயக்கத்தில இருந்தவர்' என்று வீட்டுக்கு வீடு கதைத்த சொல் அது. பௌதிகவியல் புத்தகத்துக்குள் அது பேசாமல் இருக்கும். ஒரு மண்டப வாசலில் 'இயக்கச் சிற்பம்' என்று பலகை தொங்கினால், உள்ளே வருகிறவர் நினைவுச்சின்னம் பார்க்கவே வருவார்.

நான் முன்வைப்பது ஆடுசிற்பம்.

விவாதம் எந்தப் பொருளைச் சுற்றி நடக்கிறது என்பதைக் கொஞ்சம் விரித்துச் சொல்ல வேண்டும். நாம் கற்பனை செய்திருக்கும் சிற்பம் இன்னும் கடதாசியில்தான் இருக்கிறது. உயரத்தில் ஒரு பனை வளை, அதாவது கிடையாகக் கிடக்கும் பனைமர உத்தரம். அதன் இரு முனைகளிலிருந்தும் இறங்கும் கயிறுகள் ஒரு முடிச்சில் சேர்கின்றன. முடிச்சுக்குக் கீழே ஒற்றைக் கயிறு, அதன் நுனியில் அரிசிமா நிரப்பிய பித்தளைக் கூம்பு. வளைக்குக் குறுக்காக ஆட்டினால் முழு நீளமும் ஆடும். வளையின் திசையிலேயே ஆட்டினால் முடிச்சுக்குக் கீழுள்ள பகுதி மட்டும் ஆடும். பிளாக்பர்ன் ஊசல் என்பது இதுதான். முழு நீளம் 225 செ.மீ., கீழ்ப்பகுதி 100 செ.மீ. என்று வைத்தால் முழு நீள ஆட்டத்தின் அலைவு காலம், அதாவது ஒருமுறை போய்வரும் நேரம், ஏறக்குறைய 3 செக்கன், மற்றதற்கு 2 செக்கன். சாய்வாக இழுத்து விட்டால் இரண்டும் கலந்து, கூம்பிலிருந்து ஒழுகும் மா தரையில் லிசாஜு வளைகோட்டை வரையும். பிரெஞ்சுப் பௌதிகவியலாளர் லிசாஜு 1857இல், தட்டினால் ஒரே சுருதியில் அதிரும் இசைக்கவைகளில் கண்ணாடி ஒட்டி ஒளியால் வரைந்து காட்டிய அதே வளைகோடு, இங்கே முற்றத்துக் கோலமாக விழும். காற்றுத் தடையால் வீச்சுக் குறையக் குறைய, ஒரு கோலத்துக்குள் இன்னொரு கோலம் சுருங்கிக்கொண்டே போகும். முடிச்சு ஒரு விரற்கடை இறங்கினாலும் போதும், முழுக் கோலமும் மெல்லத் திரும்பத் தொடங்கிவிடும்.

இதற்கு ஒரு நண்பர் 'கணிதச் சடங்குச் சக்தி இயங்கமைப்பு' என்று எழுதியிருந்தார். பொருளை முழுவதும் அடக்கிவிட வேண்டும் என்ற அவருடைய அக்கறை புரிகிறது. ஆனால் அந்த மூன்றையும் 'ஆடு' என்ற ஒற்றை வினை ஏற்கெனவே சுமக்கிறது. ஊஞ்சல் ஆடுகிறது, ஊசல் ஆடுகிறது, அது கணிதம். ஆடி அமாவாசைக்குக் கீரிமலையில் தீர்த்தமாடுகிறோம், நேர்த்தி வைத்துக் காவடி ஆடுகிறோம், அது சடங்கு. பறை ஓங்கும்போது ஒருவர் உரு வந்து ஆடுகிறார். அதுதான் அந்த நண்பர் சொல்லுகிற சக்தி. கோயிலுக்குக் கோயில் ஊஞ்சல் பாடி, 'ஆடீரூஞ்சல்' என்று முடித்து வைத்த புலவர்களின் ஊரில் இந்த வினையை விட்டு வேறு எங்கே தேடுவது?

இலக்கணமும் இடம் கொடுக்கிறது. ஆடுசிற்பம் வினைத்தொகை, ஊறுகாயைப் போல முக்காலமும் காட்டும். ஆடிய, ஆடுகின்ற, ஆடும் சிற்பம். கூம்பு அசையாமல் தொங்கும் நேரத்திலும் பெயர் பொய்யாகாது. எங்கள் துலாக் கிணறுகளில், நீர் இறைக்கும் நெடுமரமான துலாவைத் தாங்கும் மரங்களுக்கு ஆடுகால் என்று பெயர். அந்தக் கால் ஆடுவதில்லை, ஆடுவதைத் தாங்குகிறது. சட்டமும் வளையும் சேர்ந்த முழு அமைப்பையும் ஆடுசிற்பம் என்று அழைக்க இந்த வழக்கே துணை.

நடராசர் திருமேனியும் ஆடுகிற சிற்பம்தானே, குழப்பம் வராதா என்று கோவையிலிருந்து அக்கா கேட்டிருந்தார். நல்ல கேள்வி. ஆடலைக் காட்டும் சிற்பத்தை ஆடற்சிற்பம் என்போம், தானே ஆடுவதை ஆடுசிற்பம் என்போம்.

ஆனால் இந்தக் கலைவகை முழுவதற்கும் இந்தச் சொல்லை நீட்ட நான் தயாரில்லை. டச்சுக் கலைஞர் தெயோ யான்சன் 1990 முதல் செய்துவரும் 'கடற்கரை விலங்குகள்' என்ற சிற்பங்கள் காற்றால் நடக்கின்றன. அவை ஆடுவதாகச் சொல்ல வராது. சுவிஸ் சிற்பி தாங்குலியின் யந்திரம் 1960இல் நியூயோர்க்கில் தன்னைத்தானே உடைத்துக்கொண்டது; அதுவும் ஆட்டம் அல்ல. பொதுப் பெயராக 'இயங்குசிற்பம்' இருக்கட்டும். 'இயங்கு' என்ற அடி இங்கே 'இயக்கம்' அளவுக்கு உறுத்தாது. ஓர் ஓய்வு நிலையைச் சுற்றிப் போய்வருவது மட்டும் ஆடுசிற்பம். அமெரிக்கச் சிற்பி கால்டரின் தொங்கு படைப்புகளில் பெரும்பாலானவை, பிரெஞ்சுக் கலைஞர் டுஷாம்ப் 1931இல் கொடுத்த 'மொபைல்' என்ற பெயரால் அறியப்படுபவை, இதற்குள் வந்துவிடும்.

சக்தி பற்றி ஒன்று. தமிழ்நாட்டில் ஆற்றல் என்று படிப்பதை இங்கே உயர்தர வகுப்பில் சக்தி என்று படிக்கிறோம். அதனால் 'சிற்பத்தில் சக்தி பாய்கிறது' என்று காட்சிக் குறிப்பில் எழுதினால் எங்கள் பிள்ளைகள் சக்தியின் அலகான யூலில் கணக்குப் போடுவார்கள். போடட்டும். 2 கிலோக் கூம்பை 10 செ.மீ. உயர்த்தி விட்டால் கிட்டத்தட்ட 2 யூல், அவ்வளவுதான் கோலம் முழுவதற்கும் முதல். பக்தர் உணர்வதை அந்தக் கணக்கோடு கலக்காமல் 'அருள்' என்று தனியாக எழுதுவோம். இரண்டுக்கும் அதுதான் மரியாதை.

இன்னும் ஒரு சொல் தீரவில்லை. மா ஒழுகக் கூம்பின் திணிவு மையம், அதாவது எடை சமனாகும் புள்ளி, முதலில் கீழிறங்கும், அதனால் தொங்குமிடத்திலிருந்து அந்தப் புள்ளி வரையான பயனுறு நீளம் கூடி, அலைவு காலமும் மெல்ல நீளும். இந்த நழுவலுக்கு 'தாளப் பிசகு' என்று குறித்து வைத்திருக்கிறேன். மிருதங்கம் தெரிந்தவர்கள் அதை ஏற்பார்களா என்று சொல்லுங்கள்.

அன்புடன்,
யாழ்ப்பாணத்திலிருந்து