கிணற்றுத் தண்ணீரில் பெர்குளோரேட் இருக்கிறதா என்று எங்கே சோதிப்பது?

வணக்கம். சிவகாசிக்குப் பக்கத்தில் இருக்கிறோம். குடிக்க, சமைக்க எல்லாமே கிணற்றுத் தண்ணீர்தான். தங்கச்சி ஐந்து மாத கர்ப்பம். போன வாரம் தைராய்டுக்கான ரத்தப் பரிசோதனையில் டிஎஸ்ஹெச் 7.2 என்று அதிகமாக வந்தது, அதாவது தைராய்டு குறைவாகச் சுரக்கிறது. டாக்டர் மாத்திரை ஆரம்பித்துவிட்டார், அதில் குழப்பமில்லை. எனக்குத் தண்ணீர் மேல்தான் சந்தேகம்.

சில பட்டாசு மருந்துகளில் பெர்குளோரேட் உப்பு சேர்க்கிறார்கள். தண்ணீரில் கரைந்து நிலத்துக்குள் இறங்கிவிடும். தைராய்டு சுரப்பி அயோடினை இழுத்துக்கொள்ளும் வாசலை இது மறித்துக்கொள்ளும். 1950களில் தைராய்டு அதிகமாகச் சுரந்தவர்களுக்கு இதையே மருந்தாகக் கொடுத்திருக்கிறார்கள் என்றால் பாருங்களேன்! எங்கள் பகுதி நிலத்தடி நீரில் இது இருப்பதை ஆய்வாளர்கள் ஏற்கெனவே கண்டிருக்கிறார்கள். குடிநீருக்கு உலக சுகாதார நிறுவனம் சொல்லும் அளவு லிட்டருக்கு 70 மைக்ரோகிராம். காய்ச்சினாலும் போகாது.

கரைந்த உப்புகளின் மொத்த அளவை மட்டும் காட்டும் டிடிஎஸ் மீட்டரில் இது தனியாகத் தெரியாது, உப்புகளைத் தனித்தனியாகப் பிரித்து அளக்கும் அயனி குரோமட்டோகிராபி என்ற லேப் சோதனை செய்ய வேண்டும். மதுரை, விருதுநகர் பக்கம் தனிநபர் கொண்டுபோகும் தண்ணீரை வாங்கிச் சோதிக்கும் லேப் ஏதாவது தெரியுமா? எவ்வளவு ஆகும்? அப்புறம், ஆர்ஓ மாட்டியவர்கள் யாராவது மாட்டுவதற்கு முன்னும் பின்னும் சோதித்தீர்களா?

அயோடின் உப்புக்கு மாறச் சொல்லாதீர்கள், வீட்டில் அதுதான் இருக்கிறது.