இலச்சினைச் சட்டத்துக்குள் சிக்கிய படகோட்டியை வெளியே எடுக்க உதவுங்கள்

கேட்டவர்: வாவிக்கரை (களுவாஞ்சிகுடி)

எங்கள் வாசிகசாலை ஆண்டு விழாவுக்கு நாடகம் எழுதிக்கொண்டிருக்கிறேன். நாடும் கற்பனை, அரசனும் கற்பனை. அங்கே ஒரு சட்டம்: அரச இலச்சினை இல்லாத பத்திரம் செல்லாது, அதில் பெயர் உள்ளவரும் செல்லார். ஒரு படகோட்டியின் பிறப்புச் சான்றிதழ் தண்ணீரில் நனைந்து இலச்சினை அழிந்துவிடுகிறது. அவன் பிறக்கவே இல்லை என்று கந்தோரில் சொல்லிவிடுகிறார்கள். இதுவரை நன்றாகத்தான் ஓடியது.

மூன்றாம் காட்சியில் மாட்டிக்கொண்டேன். புதிய இலச்சினைக்கு விண்ணப்பம் எழுத வேண்டும். விண்ணப்பமும் பத்திரம்தானே? அதற்கும் இலச்சினை வேண்டும். அதைப் பெற இன்னொரு விண்ணப்பம். இரண்டு கிழமையாக ஆளைக் கந்தோர் விறாந்தையிலேயே உட்கார வைத்திருக்கிறேன். மந்திரவாதியைக் கொண்டுவந்து தப்பவைக்க விருப்பமில்லை. சட்டத்துக்குள்ளேயே வழி வேண்டும்.

கல்முனைக் காக்கா:

தங்கச்சி, இதற்கா இவ்வளவு யோசனை? விண்ணப்பத்துக்கு மட்டும் விலக்கு என்று ஒரு வரி போட்டுவிடுங்கள்.

வாவிக்கரை:

போட்டுப் பார்த்தேன் காக்கா. ஊரே எல்லாவற்றையும் விண்ணப்பமாக எழுதத் தொடங்கிவிட்டது. காணி உறுதிகூட "இந்தக் காணியை எனது என்று கருதுமாறு தாழ்மையுடன் வேண்டுகிறேன்" என்று தொடங்குகிறது. சிரிப்பு வரும், சட்டம் செத்துப்போகும்.

ஓய்வுபெற்ற எழுதுவினைஞர் (ஆரையம்பதி):

பிள்ளை, எழுதிய பிறகு இலச்சினை குத்துவதாக வைத்திருக்கிறீர். முடிச்சு அங்கேதான் விழுந்திருக்கிறது. முத்திரைத்தாளில் முத்திரைதான் முதலில், எழுத்துப் பிறகு. எழுதாத தாள் பத்திரமே அல்ல. அதற்கு விண்ணப்பம் எதற்கு? காசைக் கொடுத்து வாங்கலாம்.

ஒல்லாந்தர் 1624இல் தங்கள் நாட்டில் முத்திரை வரியைக் கொண்டுவந்தார்கள்; 1638இல் நம் மட்டக்களப்புக் கோட்டையைப் பிடித்தவர்களும் அவர்கள்தான். 1765இல் பிரித்தானியர் அமெரிக்கக் குடியேற்றங்கள்மீதும் இதைச் சுமத்தினார்கள். இலண்டனில் முத்திரை பதித்த தாள் கப்பலேறிப் போனது. வழக்குப் பத்திரம், பத்திரிகை, பஞ்சாங்கம் எதையும் விடவில்லை. சீட்டுக்கட்டுக்கு ஒரு ஷில்லிங், ஒரு சோடித் தாயக்கட்டைக்குப் பத்து ஷில்லிங்! முத்திரை விற்க நியமிக்கப்பட்டவர்களைச் சனங்கள் மிரட்டியே பதவி விலக வைத்தார்கள். தாள் கொடுக்க ஆளில்லாமல் பல நீதிமன்றங்கள் பூட்டிக் கிடந்தன. மறு வருடம் மார்ச்சில் சட்டமே நீக்கப்பட்டது.

வாவிக்கரை:

ஐயா, கோடி புண்ணியம். ஆனால் இலச்சினை குத்திய வெறுந்தாள் ஊரில் உலாவினால் யாரும் எதையும் எழுதிக்கொள்ளலாமே?

ஓய்வுபெற்ற எழுதுவினைஞர்:

எழுதட்டும்! நாடகம் அங்கேதானே தொடங்குகிறது. முத்திரைத்தாள் வரி கட்டியதற்குச் சாட்சி, எழுதியது உண்மை என்பதற்கு அல்ல. உண்மைக்கு உத்தியோகத்தரின் கையொப்பமும் பதவி முத்திரையும் வேறாக வேண்டும். கிராம உத்தியோகத்தர் தந்த சான்றிதழைப் பிரதேச செயலகத்துக்கு மேலொப்பத்துக்குக் கொண்டு ஓடுகிறோமே, அது அந்த வகை. உமது அரசன் இரண்டையும் ஒரே இலச்சினைக்குள் போட்டுக் குழப்பிவிட்டான். பிரித்து விடும்.

அக்கரைப்பற்று வாசகி:

மேடைக்கு ஒன்று சொல்கிறேன். ஒரு கடிதத்துக்காக அரை நாள் காத்திருந்து கண்டது. மைத்தட்டு காய்ந்து கிடந்தது. அந்த உத்தியோகத்தர் றப்பர் முத்திரையை வாயருகே பிடித்து "ஹா" என்று ஊதி ஓர் அழுத்து அழுத்தினார். ஊதா நிறத்தில் பாதி வட்டம் மட்டும் விழுந்தது. மற்றப் பாதிக்கு இன்னொரு "ஹா". வட்டத்தின் இரு பாதியும் பொருந்தவில்லை. அடுத்த மேசையில் அது எந்தக் கந்தோரின் முத்திரை என்று கேட்டார்கள்.

வாவிக்கரை:

அக்கா, அந்த "ஹா" அப்படியே நாடகத்துக்குள் போய்விட்டது. ஐயா சொன்னபடி இரண்டு முத்திரையாகப் பிரித்தேன். நான்காம் காட்சி முடிந்தது. படகோட்டி துடுப்பை விற்று வெறுந்தாள் வாங்கிவிட்டான். இப்போதுதான் நினைவு வருகிறது, முதல் காட்சியிலேயே அவனுக்கு எழுதத் தெரியாது என்று சொல்லி வைத்திருக்கிறேன். கந்தோர் வாசலில் பெட்டிசன் எழுதுபவர் ஒருவர் வேண்டும். ஐயா, ஞாயிறு பின்னேரம் ஒத்திகைக்கு வர முடியுமா?

ஓய்வுபெற்ற எழுதுவினைஞர்:

வருகிறேன். மேசை என்னிடம் இருக்கிறது. கதிரை மட்டும் பார்த்து வையும்.