ஏம்ஸ் தட்டில் ஆர்சனிக் மாட்டுமா?

கண்ணாடிக்குடுவை:
"கொலைக்கதையில காபி மிச்சத்தை ஏம்ஸ் சோதனைக்கு அனுப்பினா போதும், ரெண்டே நாள்ல ஆர்சனிக் மாட்டிக்கும்." நேத்து துப்பாளி உதிர்த்த முத்து இது. ஏம்ஸ் சோதனைன்னா, ஒரு பொருள் மரபணுவை மாத்துமான்னு பாக்டீரியாவை வெச்சுப் பாக்கறது. ஆர்சனிக்குக்கு அந்தச் சோதனை நெகட்டிவ் சார். நெகட்டிவ்!

துப்பாளி:
புற்றுநோய்க் காரணிகள் மரபணுவை மாற்றுபவைன்னு 1973-ல கட்டுரைக்குத் தலைப்பே வெச்சவர் புரூஸ் ஏம்ஸ். ஆர்சனிக் முதல் பிரிவுப் புற்றுநோய்க் காரணி, அதாவது மனுஷனுக்குப் புற்றுநோய் தரும்னு உறுதியானது. ரெண்டையும் கூட்டிப் பாருங்க. ஏம்ஸை விட நீங்க பெரிய ஆளா?

கண்ணாடிக்குடுவை:
தலைப்போட நிறுத்திக்கிட்டா இப்படித்தான் ஆகும். வளர்றதுக்குத் தேவையான ஹிஸ்டிடின்ங்கிற அமினோ அமிலத்தைத் தயாரிக்கத் தெரியாத சால்மோனெல்லா பாக்டீரியா 0.1 மி.லி., சுமார் பத்து கோடி. கூடவே எலி ஈரல்ல எடுத்த எஸ்9 நொதிக் கலவை 0.5 மி.லி., சாம்பிள், துளி ஹிஸ்டிடின் போட்ட மேல் அகார் (கூழ்) 2 மி.லி. தட்டில் ஊத்தி 37 டிகிரியில 48 மணி நேரம். மரபணு மாறி மறுபடி ஹிஸ்டிடின் தயாரிக்கிற பாக்டீரியா மட்டும் பெருகி, கண்ணுக்குத் தெரியற புள்ளியா, அதாவது காலனியா நிக்கும். ஆர்சனிக் டி.என்.ஏ. எழுத்தை நேரா மாத்தறதில்ல, பழுதுபார்க்கிற நொதிகளைக் கெடுக்குது. அதான் நெகட்டிவ். ஆஸ்பெஸ்டாஸும் நெகட்டிவ்தான். டோஸை ஏத்தினா பாக்டீரியாவே செத்து, அந்தத் துளி ஹிஸ்டிடின்ல தட்டு முழுக்க லேசா வளர்ற பின்னணிப் படலம் காணாமப் போயிடும்.

பழையபேப்பர்:
எதுக்கு இவ்வளவு? 1836-லயே ஆர்சனிக்கைக் கண்டுபிடிக்க மார்ஷ் சோதனை வந்தாச்சு. துத்தநாகம், கந்தக அமிலம், சூடான கண்ணாடிக் குழாய். உள்ளே கறுப்புப் பூச்சு விழுந்தா ஆர்சனிக். கதை முடிஞ்சுது.

கண்ணாடிக்குடுவை:
எங்க முடிஞ்சுது? ஆண்டிமனிங்கிற வேற தனிமமும் அதே பூச்சுதான் போடும். சோடியம் ஹைபோகுளோரைட் விட்டா ஆர்சனிக் கரையும், ஆண்டிமனி கரையாது. அதுக்கும் முன்னாடி, சாம்பிள் போடாம வெறும் துத்தநாகத்தையும் அமிலத்தையும் ஒருதரம் ஓட்டணும். துத்தநாகத்துலயே ஆர்சனிக் கலந்திருக்கும், நிரபராதி தூக்குல தொங்குவான். 1840-ல பிரான்ஸ்ல நடந்த லஃபார்ஜ் ஆர்சனிக் கொலை வழக்குல உள்ளூர் ஆளுங்க கோட்டை விட்டு, பாரிஸ்ல இருந்து நச்சியல் நிபுணர் ஓர்ஃபிலா வரவேண்டியதாச்சு.

துப்பாளி:
பேச்சை மாத்தாதீங்க. காபியை ஏம்ஸ் தட்டுல போட்டா காலனி வரும். வருமா வராதா?

கண்ணாடிக்குடுவை:
வரும். அது காபியோட பாசிட்டிவ்! வறுத்த கொட்டையில இருக்கிற மெத்தில் கிளையாக்ஸால்ங்கிற வேதிப்பொருளோட வேலை. எஸ்9 சேர்த்தா பெரும்பாலும் அடங்கிடும். உங்க துப்பறிவாளர் கணக்குப்படி காபி குடிக்கிறவன் எல்லாம் கொலையானவனா?

துப்பாளி:
ஆக, பாசிட்டிவ். ஒத்துக்கிட்டதுக்கு நன்றி.

கண்ணாடிக்குடுவை:
ஆர்சனிக்குக்கு நெகட்டிவ்!! சயனைடு இழையிலயும் இதே வித்தையைத்தான் காட்டினீங்க.

பழையபேப்பர்:
அந்த இழையில நான் சொன்னதுதான் சரி. அசிமோவ் 1958-ல எழுதின மர்ம நாவல்ல சோடியம் அசிடேட் இருக்கவேண்டிய குடுவையில சயனைடு, அமிலம் பட்டதும் வாயு. உயிர்வேதியியல் படிச்ச ஆள், எந்தப் பொருள் எதுக்குன்னு தெரிஞ்சு எழுதினார்.

துப்பாளி:
ஏம்ஸையே ஏன் நம்பணும்? 1977-ல குழந்தைங்க பைஜாமாவுல தீப்பிடிக்காம இருக்கப் போட்ட ட்ரிஸ்ங்கிற ரசாயனம் ஆபத்துன்னு குரல் கொடுத்தவர், அப்புறம் காபியில இருக்கிற எலிப் புற்றுநோய்க் காரணிகளைக் கண்டு பயப்படாதேன்னார்.

கண்ணாடிக்குடுவை:
முதல்ல "ஏம்ஸை விட பெரிய ஆளா", இப்ப "ஏம்ஸை ஏன் நம்பணும்". அவர் சொன்னது டோஸைப் பாருன்னு. அதுக்குத் தனி இழை திறங்க, அங்கேயும் வரேன்.

பழையபேப்பர்:
ஆண்டிமனி விஷயத்துக்கு, செம்புப் பட்டையை அமிலத்துல போட்டுப் பாக்கற ரெய்ன்ஷ் சோதனையே போதும்னு யாரும் சொல்லலையே?

கண்ணாடிக்குடுவை:
செம்புப் பட்டையில ஆண்டிமனியும் கறுப்பாத்தான் படியும், பிஸ்மத்ங்கிற உலோகமும் படியும். ஆரம்பிச்சுட்டீங்களா!