மாத்தளனிலிருந்து வட்டுவாகல் வரை, பெரியம்மாவின் பின்னால்

வற்றாப்பளைப் பொங்கலையொட்டி ஒரு வைகாசியில் ரொறன்ரோவிலிருந்து மச்சாள் தன் கணவரோடும் இரண்டு பிள்ளைகளோடும் ஊருக்கு வந்திருந்தார். முள்ளிவாய்க்காலைப் பிள்ளைகளுக்குக் காட்ட வேண்டும் என்பது அவருடைய நெடுநாள் எண்ணம். நான் வரலாறு படிப்பிக்கும் ஆசிரியன் என்பதாலும், இறுதிப்போர் பற்றி வெளிவந்த அறிக்கைகளைத் தேடித்தேடி வாசித்தவன் என்பதாலும், வான் ஒன்றைப் பிடித்து, முல்லைத்தீவிலிருந்து வட்டுவாகல் பாலத்தைக் கடந்து உள்ளே போய், அரை நாளில் எல்லாவற்றையும் காட்டிவிடலாம் என்று திட்டமிட்டிருந்தேன். அதைக் கேட்டுக்கொண்டிருந்த பெரியம்மா, கையிலிருந்த சுளகைக் கீழே வைத்துவிட்டு, "நானும் வாறன். ஆனா அந்தப் பக்கத்தாலை வேண்டாம். நாங்கள் வந்த பக்கத்தாலை வந்தாத்தான் உங்களுக்கு விளங்கும்" என்றார். அந்த இடங்களுக்குப் போவதைப் பற்றி அதுவரை அவர் ஒரு சொல்லும் சொன்னதில்லை.

ஆகவே புதுமாத்தளனில் தொடங்கினோம். 2009 பெப்ரவரி 12 அன்று அரசாங்கத்தால் பொதுமக்களுக்கான இரண்டாவது பாதுகாப்பு வலயமாக அறிவிக்கப்பட்டது, ஒரு பக்கம் பெருங்கடலும் மறுபக்கம் நந்திக்கடலும் நெருக்கும் இந்த மணல் துண்டுதான். மாத்தளன், பொக்கணை, வலைஞர்மடம், இரட்டைவாய்க்கால், முள்ளிவாய்க்கால் என்று நீளும் அதன் பரப்பு சுமார் 14 சதுர கிலோமீற்றர். அங்கே 70,000 பேர் வரையில்தான் இருக்கிறார்கள் என்ற கணக்கில் உணவு அனுப்பப்பட, ஏப்ரல் 20 இற்குப் பின்னரான சில நாட்களில் மட்டும் ஒரு இலட்சத்துக்கும் மேற்பட்டோர் அங்கிருந்து வெளியேறினார்கள் என்பதை நான் பிள்ளைகளுக்குச் சொன்னேன். அவர்கள் தலையசைத்தார்கள். அதே செய்தியைப் பெரியம்மா சொன்ன விதம் வேறு. ஒரு சுண்டு அரிசியில் பதினொரு பேருக்குக் கஞ்சி காய்ச்சிய நாளொன்றை எடுத்து, எத்தனை தரம் தண்ணீர் ஊற்றினார், உப்பு யாரிடம் வாங்கினார், கடைசியாகக் குடித்தவருக்குச் சோற்றுப்பருக்கை ஏதாவது இருந்ததா என்பது வரை, அடுப்பு இருந்த இடத்தில் நின்றே சொன்னார். அடுப்பு இருந்ததற்கான எந்த அடையாளமும் அங்கே இல்லை. தலை இழந்த பனை ஒன்றையும் தூர்ந்துபோன ஒரு கிணற்றையும் வைத்து, இத்தனை அடி இந்தப் பக்கம் என்று எட்டுவைத்து அளந்துதான் அவர் அந்த இடத்தைக் கண்டுபிடித்தார்.

பங்கர் வெட்டிய கதையை இங்கே சற்று விரிவாக எழுத விரும்புகிறேன், ஏனெனில் எந்த அறிக்கையை வாசித்தும் எனக்குப் புரியாதது அன்றைக்குத்தான் புரிந்தது. அந்த மண்ணில் ஒரு ஆள் நெஞ்சளவு வெட்டுவதற்குள் தண்ணீர் ஊறிவிடும், பக்கங்களும் சரிந்து விழும். ஆகவே ஆழத்துக்குப் போக வழியின்றி, மேலே மண்மூட்டைகளை அடுக்கித்தான் காப்பெடுக்க வேண்டியிருந்தது. மூட்டைக்குச் சாக்கு இல்லாமல் போனபோது சேலைகளைக் கிழித்துத் தைத்தார்கள். பெரியம்மா தன் சேலைத் தலைப்பைக் கையில் எடுத்து, எந்த இடத்தில் கிழிப்பது, எப்படி இரண்டாக மடித்துப் பக்கங்களை மூட்டுவது, மணல் நிரப்பிய பின் வாயை எப்படி முறுக்கிக் கட்டுவது என்று மச்சாளின் மகளுக்குச் செய்து காட்டினார். "ஒரு சீலையிலை ஆறு பை வரும், பிள்ளை. என்ரை கூறையை நானே கிழிச்சன். பட்டு உக்காது எண்டு நினைச்சன்." பத்து வயதுப் பிள்ளை அந்தத் தலைப்பைத் தானும் பிடித்துப் பார்த்தது. சற்றுத் தூரம் நடந்ததும் மணலிலிருந்து நிறம்போன கரைத்துண்டு ஒன்றை எடுத்து வந்து, "ஆச்சி, இது பையா?" என்று கேட்டது. பெரியம்மா வாங்கிப் பார்த்து, தையல் ஓடிய இடத்தை நகத்தால் நீவிக் காட்டிவிட்டு, எடுத்த இடத்திலேயே வைக்கச் சொன்னார்.

சில வருடங்களுக்கு முன் தங்கையைப் பார்க்க ஜேர்மனிக்குப் போயிருந்தபோது பேர்லினில் ஹோன்ஷோன்ஹவுசன் சிறையைப் பார்த்தது அந்த இடத்தில் என் நினைவுக்கு வந்தது. கிழக்கு ஜேர்மனியின் இரகசியப் பொலிஸான ஸ்ராசி 1951 முதல் நடத்திய விசாரணைச் சிறை அது. 1994 இல் நினைவகமாக்கப்பட்டது. அங்கே பார்வையாளர்களை அழைத்துச் செல்பவர்களில் பலர் முன்னாள் கைதிகள். எங்களுக்கு வாய்த்தவர் எழுபதைக் கடந்தவர். தங்கையின் மகன் பக்கத்தில் நின்று தமிழில் சொல்லிக்கொண்டு வந்தான். கைதுசெய்தவர்களை மீன்வண்டி, பாண்வண்டி போல வேடமிட்ட வான்களில் ஏற்றி, எங்கே இருக்கிறோம் என்று தெரியாதபடி மணிக்கணக்காகச் சுற்றிக் கொண்டுவருவார்களாம். நகர வரைபடத்தில் அந்தப் பகுதியே இல்லை. ஒரு கைதி இன்னொரு கைதியின் முகத்தைக் கண்டுவிடக் கூடாது என்பதற்காக நடைவழிகளில் சிவப்பு, பச்சை விளக்குகள் பொருத்தியிருந்தார்கள். அவற்றை இப்போதும் காணலாம். விசாரணை அறைகளோ மேசையும் திரைச்சீலையும் உள்ள சாதாரண அலுவலக அறைகள் போலவே இருக்கின்றன. அந்த முதியவர் எங்களை ஒவ்வொரு அறைக்குள்ளும் கூட்டிச்சென்றார், ஒரேயொரு அறைக்கு மட்டும் வாசலில் நின்றுகொண்டு, "நீங்கள் போய்ப் பாருங்கள்" என்றார். எப்படி இதே இடத்துக்குத் திரும்பத் திரும்ப வர முடிகிறது என்று மருமகன் மூலமாகக் கேட்டேன். எல்லாம் பழகிவிட்டது, நிலத்துக்குப் போடும் மெழுகின் மணம் மட்டும் இன்னும் பழகவில்லை என்று மறுமொழி வந்தது.

அவருக்கும் பெரியம்மாவுக்கும் இடையிலுள்ள வேறுபாட்டை நான் மறைக்க விரும்பவில்லை. அவருக்குக் கட்டடம் அப்படியே இருக்கிறது, கதவு இருக்கிறது, விளக்கு இருக்கிறது. 1992 ஜனவரி முதல் தன்னைப் பற்றி ஸ்ராசி எழுதிவைத்த கோப்பை வாங்கி வாசிக்கும் சட்ட உரிமையும் அவருக்கு உண்டு. அந்தச் சிறையின் சுற்றாடலில் முன்னாள் அதிகாரிகள் பலர் இன்னமும் குடியிருக்கிறார்கள். 2006 இல் ஒரு பொதுக்கூட்டத்தில் அவர்கள் எழுந்து நினைவகம் சொல்வதை மறுத்தபோதும், வழிகாட்டிகளின் பக்கம் சுவர்களும் கோப்புகளும் இருந்தன. வன்னியிலோ கோப்பு என்று சொல்வதற்கு, 2017 பெப்ரவரி 20 முதல் காணாமல் ஆக்கப்பட்ட பிள்ளைகளைக் கேட்டுக் கிளிநொச்சி கந்தசுவாமி கோவிலடியில் அமர்ந்த தாய்மாரின் கையிலுள்ள, கண்ணாடித்தாள் ஒட்டிய புகைப்படங்கள்தாம் இருக்கின்றன. முள்ளிவாய்க்காலில் மணலும் வடலியும் தவிர ஒன்றுமில்லை. பேர்லினில் நன்றாகப் பயிற்றப்பட்ட ஒரு மாணவர்கூடப் பார்வையாளருக்கு அந்தச் சிறையைக் காட்டிவிடலாம். இங்கே, அந்த வழியால் வந்த ஒருவர் பக்கத்தில் இல்லாவிட்டால், காண்பதற்கே எதுவும் இல்லை.

போர் முடிந்த பின்னர் தெற்கிலிருந்து பேருந்து பேருந்தாக மக்கள் இங்கே வந்தார்கள். கிளிநொச்சியில் விழுந்துகிடந்த தண்ணீர்த் தாங்கியையும், புதுக்குடியிருப்புப் பகுதியிலிருந்த, புலிகளின் தலைவர் பிரபாகரனின் நிலக்கீழ் வீட்டையும் பார்த்தார்கள். அந்த வீடு 2013 ஒக்ரோபரில் தகர்க்கப்படும் வரை அங்கே விளக்கம் சொன்னவர்கள் படையினர். அருகிலிருந்த ஊரவரிடம் எவரும் எதையும் கேட்கவில்லை. வந்த மக்களை நான் குறைசொல்லவில்லை, அவர்களுக்குக் காட்டப்பட்டது அவ்வளவுதான்.

தென்னாபிரிக்காவின் றொபன் தீவிலும் முன்னாள் அரசியல் கைதிகளே சிறையைச் சுற்றிக் காட்டுகிறார்கள். காந்தியோடு நின்று போராடிய தம்பி நாயுடுவின் பேரன் இந்திரஸ் நாயுடு அந்தத் தீவில் பத்து ஆண்டுகள் அடைக்கப்பட்டிருந்தவர். ஆபிரிக்கக் கைதிகளுக்கு ஓர் உணவு, இந்திய வம்சாவளியினருக்கு வேறோர் உணவு என்று சிறைக்குள்ளும் பிரித்துவைத்த வரலாற்றை அங்கே கேட்கலாம் என்று, போய்வந்த நண்பர் ஒருவர் சொன்னார். நான் போனதில்லை.

நடந்தும் வானில் ஏறியுமாக வலைஞர்மடத்தை அடைந்தோம். அதுவரை பத்தடிக்கு ஒருமுறை நின்று கதைத்துக்கொண்டு வந்த பெரியம்மா, அந்த இடத்தில் ஒன்றும் பேசாமல் எட்டி நடந்தார். அவருடைய இளைய மகன் அங்கேதான் செல்லடியில் போனவன் என்பது எனக்குத் தெரியும். மச்சாளின் மகன் கைத்தொலைபேசியை உயர்த்தியபடி, "ஆச்சி, இந்த இடத்திலை என்ன நடந்தது?" என்று கேட்டான். நான் முந்திக்கொண்டு பதில் சொல்ல வாயெடுத்தேன், பின்னர் அடக்கிக்கொண்டேன். அது என்னுடைய வாயிலிருந்து வர வேண்டிய கதை அல்ல. அந்தக் காலத்தில் நான் வவுனியாவில் இருந்தவன். போரிலிருந்து வெளியே வந்தவர்களை அடைத்துவைத்த செட்டிகுளம் முகாமின் வேலிக்கு வெளியே நின்று, வெயிலில் கண்ணைச் சுருக்கியபடி, உள்ளே நின்ற பெரியம்மாவிடம் "தம்பி எங்கை?" என்று கேட்டு, அவர் வேறு பக்கம் பார்த்ததைக் கண்டவன் நான். இரண்டாவது முறை கேட்க எனக்கு மனம் வரவில்லை. அந்தப் பையனும் மறுபடி கேட்கவில்லை. கைத்தொலைபேசியைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு அவருக்குப் பக்கத்தில் போய் நடந்தான். பதினான்கு வயதுப் பிள்ளைக்கு அதை யார் சொல்லிக் கொடுத்தார்களோ தெரியாது, நான் அவனை மிகவும் மதித்தேன்.

வட்டுவாகல் பாலத்தடியில் மாலையாகிவிட்டது. பெரியம்மா பாலத்தின் கட்டில் அமர்ந்து தண்ணீர் குடித்தார். கடைசி நாள் அதைக் கடந்தபோது காலில் செருப்பு இருந்ததா என்று சின்னவள் கேட்க, "ஒரு கால் செருப்பு மட்டும் இருந்தது, அதையும் ஏன் கழட்டாமல் நடந்தன் எண்டு எனக்கே தெரியேல்லை" என்றார். வீட்டுக்குத் திரும்ப வானில் ஏறியபோது சாரதி பிரதான வீதியால் புதுக்குடியிருப்புக்குத் திருப்பப் பார்த்தார். "மெயின் றோட்டாலை வேண்டாம் தம்பி, கரையாலை போங்கோ" என்றார் பெரியம்மா. வலைஞர்மடத்தில் நிறுத்தச் சொல்லி, எங்களை இறங்க வேண்டாம் என்று கைகாட்டிவிட்டு, தனியே பனைகளுக்குள் போனார். வானில் இருந்த ஆறு பேரில் எவரும் பேசவில்லை. கால்மணி நேரம் கழித்து வந்து ஏறி, காலில் ஒட்டியிருந்த மணலைத் தட்டிவிட்டு, "வெளிக்கிடுவம்" என்றார்.