மேஜரான மகளுக்காக ஆட்கொணர்வு மனு போடுவது சரியா?

இரண்டு பெண்களின் அப்பா:
மூத்தவளுக்கு 19 வயது. வீட்டை விட்டுப் போய் மூன்று வாரம் ஆகிறது. ஸ்டேஷனில் புகார் கொடுத்தால், "மேஜர் சார், நல்லா இருக்கேன்னு அவங்களே போன்ல சொல்லிட்டாங்க" என்று முடித்துவிட்டார்கள். உயர் நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனு போட்டிருக்கிறேன். போனில் பேசியது அவள் குரல்தான். பக்கத்தில் யார் நின்றார்களோ? பெற்றவன் கேட்காமல் வேறு யார் கேட்பது?

கறுப்புக் கோட்டு:
கேளுங்கள் சார், தப்பில்லை. ஆனால் அது மகளை வீட்டுக்கு அழைத்து வருவதற்கான மனு அல்ல. யாராவது சட்டவிரோதமாக அடைத்து வைத்திருக்கிறார்களா என்று மட்டும்தான் பார்ப்பார்கள். "என் விருப்பப்படிதான் இருக்கிறேன்" என்று அவர் சொல்லிவிட்டால் கதை முடிந்தது. ஹாதியா வழக்கு ஞாபகம் இருக்கும். கேரள உயர் நீதிமன்றம் கல்யாணத்தையே ரத்து செய்து, 24 வயதுப் பெண்ணைப் பெற்றோரிடம் ஒப்படைத்தது. ஆட்கொணர்வு மனுவில் அப்படிச் செய்திருக்கக் கூடாது என்று 2018 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

இரண்டு பெண்களின் அப்பா:
அவள் கூடப் போன பையனுக்கு 20தான். ஆணுக்குத் திருமண வயது 21. அப்புறம் என்ன கல்யாணம்?

கறுப்புக் கோட்டு:
அதற்கும் அதே வருடம் பதில் வந்துவிட்டது. அதுவும் கேரள வழக்குதான். மாப்பிள்ளைக்கு 21 ஆகவில்லை. இருவரும் மேஜர் என்பதால், கல்யாணம் இல்லாமலும் சேர்ந்து வாழலாம் என்றது உச்ச நீதிமன்றம்.

மழைக்குருவி:
என்னையும் இப்படி ஆஜர்படுத்தியிருக்கிறார்கள். அப்போது எனக்கு 22. பெண் காவலர் என் மணிக்கட்டை விடவே இல்லை. வராந்தாவில் அம்மா மாத்திரை அட்டையைத் தூக்கிக் காட்டி அழுதார். உள்ளே போய், விருப்பப்பட்டுத்தான் போனேன் என்றேன். "நாலு நாள் யோசிக்கட்டும்" என்று காப்பகத்துக்கு அனுப்பிவிட்டார்கள். போன் கிடையாது, ஆறு மணிக்குக் கதவைப் பூட்டிவிடுவார்கள். என்னை யாரும் அடைத்து வைக்கவில்லை என்று சொன்னதற்கு நாலு நாள் அடைப்பு!

இரண்டு பெண்களின் அப்பா:
கஷ்டம்தான் அம்மா, இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் பத்தொன்பது வயதில் எடுக்கும் முடிவுக்கு நாலு நாள் அதிகமா?

மழைக்குருவி:
என் தம்பி பத்தொன்பதில் வேலைக்கு வெளியூர் போனான். அவனை யாரும் யோசிக்கச் சொல்லவில்லையே.

கறுப்புக் கோட்டு:
மனதை மாற்றுவதற்காகக் கவுன்சலிங்குக்கு அனுப்பக் கூடாது, பெண்ணை நீதிபதி தனியாகச் சந்தித்துக் கேட்க வேண்டும் என்று 2024 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் வழிகாட்டியிருக்கிறது. ஒன்று சொல்கிறேன், அப்பா மேல் எனக்குக் கோபம் இல்லை. வீட்டில் பூட்டி வைத்த பெண்ணுக்காகக் காதலன் போடுவதும் இதே மனுதான். யார் பூட்டினார்கள் என்று சட்டம் வித்தியாசம் பார்ப்பதில்லை.

இரண்டு பெண்களின் அப்பா:
மனுவை வாபஸ் வாங்கப் போவதில்லை. அவள் வாயால் ஒரு தடவை கேட்டுவிட்டு வருகிறேன்.

கறுப்புக் கோட்டு:
தாராளமாக. வேன் வைத்துச் சொந்தக்காரர்களை மட்டும் கூட்டிக்கொண்டு வராதீர்கள்.