1991-க்குப் பின் தொடங்கிய பள்ளி என்றால் மானியம் இல்லை: ரிட் போட்டால் நிற்குமா?

சேரன்மாதேவிக்காரன்:
நான் வேலை பார்க்கும் பள்ளி 1993-இல் தொடங்கியது, தமிழ் வழி. பீடி சுற்றுகிறவர்கள், வயலுக்குப் போகிறவர்கள் வீட்டுப் பிள்ளைகள்தான் படிக்கிறார்கள். 1991-92 முதல் தொடங்கிய தனியார் பள்ளிகளுக்கு மானியம் கிடையாது என்று 1973-ஆம் வருடத் தனியார் பள்ளிகள் ஒழுங்குமுறைச் சட்டத்தில் 14-ஏ பிரிவைச் சேர்த்துவிட்டார்கள். பக்கத்துப் பழைய பள்ளியில் டீச்சருக்கு அரசுச் சம்பளம். எங்களுக்கு ஃபீஸ் வசூலானால்தான் சம்பளம். பாடப்புத்தகம் ஒன்று, பரீட்சை ஒன்று. அரசியல் சாசனத்தில் சமத்துவம் பற்றிய 14-ஆவது பிரிவை வைத்து, உயர் நீதிமன்ற மதுரைக் கிளைக்கு ரிட் மனுவோடு போகலாமா?

பழைய ஹெச்எம், பாளை:
போகலாம் தம்பி, பஸ் செலவுதான் மிச்சம். உத்தரப்பிரதேசத்து அபய் நந்தன் இன்டர் காலேஜ் வழக்கில் 2021-இலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது: மானியம் அடிப்படை உரிமை அல்ல, அரசின் கொள்கை முடிவு. நீங்களும் சுயநிதி என்று ஒப்புக்கொண்டுதானே அங்கீகாரம் வாங்கினீர்கள்?

சேரன்மாதேவிக்காரன்:
ஒப்புக்கொள்ளாமல் எப்படிப் பள்ளி நடத்துவது அண்ணாச்சி? 1854-இல் வெள்ளைக்காரன் காலத்து உட் கல்வி அறிக்கை வந்து மானிய முறை பிறந்தபோது பாளையங்கோட்டையில் ஏற்கெனவே பள்ளிகள் இருந்தன. முந்திக்கொண்டீர்கள், தென்னாட்டு ஆக்ஸ்போர்டு என்று பேரும் வாங்கினீர்கள். அதில் எனக்கு வருத்தமில்லை. ஆனால் முதல் ஸ்டாப்பில் ஏறியவர் துண்டு போட்ட சீட்டு அவர் பேரனுக்கும் சேருமா?

கோர்ட்டு வாசல்:
இருவரும் அந்தத் தீர்ப்பில் ஆளுக்குப் பாதிதான் படித்திருக்கிறீர்கள். கொள்கை முடிவை உரிமையோடு எதிர்க்க முடியாது என்று சொன்ன கையோடு, ஒத்த நிலையில் உள்ள இரண்டு நிறுவனங்களில் ஒன்றுக்குக் கொடுத்து மற்றதற்கு மறுத்தால் கேட்கலாம் என்று ஒரு சந்தும் விட்டிருக்கிறார்கள். அப்போது வழக்கே 'ஒத்த நிலை' என்ற இரண்டு சொல்லில்தான். அரசு வக்கீல் எழுந்து, தேதி வேறு, அதனால் நிலையும் வேறு என்பார். கட்-ஆஃப் தேதியை நீதிமன்றம் லேசில் தொடாது. கஜானாவுக்கு அளவு உண்டென்றால் எங்காவது கோடு போட்டுத்தானே ஆக வேண்டும்? அந்தக் கோட்டுக்குக் காரணமே இல்லை என்று நீங்கள் காட்ட வேண்டும். சிறுபான்மைப் பள்ளியாக இருந்தாலும் சாசனத்தின் 30(2) பிரிவு கைகொடுக்காது. சிறுபான்மை என்பதற்காக மறுக்கக் கூடாது என்பதுதான் அது. இங்கே எல்லாருக்கும்தான் மறுப்பு.

மேலப்பாளையம் அம்மா:
என் மகள் படிக்கிற கல்லூரியில் காலையில் எயிடெட் (அரசு மானியம்), மதியம் செல்ஃப் பைனான்ஸ். அதே பி.காம்., அதே பெஞ்சு, ஃபீஸ் மட்டும் பல மடங்கு. இவ்வளவு நேரமும் டீச்சர் சம்பளம்தான் பேசுகிறீர்கள். மானியம் வந்தால் ஃபீஸைக் குறைப்பீர்களா?

பழைய ஹெச்எம், பாளை:
நல்ல கேள்வி தாயி. எயிடெட் என்றால் சொகுசு என்று வேறு நினைக்கிறார்கள். ஆகஸ்ட் முதல் தேதி தலை எண்ணுவார்கள், பிள்ளை குறைந்தால் டீச்சர் உபரி. ஒரே ஒரு நியமன ஒப்புதலுக்கு நான் மூன்று வருடம் அலைந்தேன். பந்தியில் இலையைக் கூட்டினால் சோறு கூடிவிடாது தம்பி.

சேரன்மாதேவிக்காரன்:
டெல்லி நமக்குச் சோறு இல்லை என்றபோது மட்டும் வலிக்கிறதே! சமக்ர சிக்‌ஷா என்ற மத்திய அரசின் பள்ளிக் கல்வித் திட்டப் பணத்துக்காக 2025 மே மாதம் தமிழ்நாடு அரசு உச்ச நீதிமன்றம் போனதா இல்லையா? அதே நியாயத்தைத்தான் நாங்கள் மாநிலத்திடம் கேட்கிறோம்.

கோர்ட்டு வாசல்:
பேச்சுக்கு நன்றாயிருக்கிறது, வழக்குக்கு ஆகாது. அங்கே மத்திய அரசு 60, மாநிலம் 40 என்ற பங்கில் திட்டம் ஓடிக்கொண்டிருந்தது. புதிய கல்விக் கொள்கையை ஏற்கவில்லை என்று பணத்தை நிறுத்தினார்கள் என்பது வழக்கு. தருவதை நிறுத்துவது வேறு, தொடக்கத்திலிருந்தே தராதது வேறு. போடுவதென்றால் விண்ணப்பத்தை நிராகரித்த உத்தரவை மட்டும் பிடிக்காதீர்கள், சட்டப் பிரிவையே எதிர்க்க வேண்டும். அப்புறம், 1973 சட்டத்தின் இடத்தில் 2018 சட்டம் வந்தாயிற்று. அதையும் படித்துவிட்டு மனு எழுதச் சொல்லுங்கள்.

சேரன்மாதேவிக்காரன்:
சரி சார். மேலப்பாளையம் அக்கா, நீங்கள் கேட்டதை எங்கள் செயலரிடம் போனில் கேட்டேன். முதலில் கேஸ் ஜெயிக்கட்டும், ஃபீஸை அப்புறம் பார்க்கலாம் என்றார்.

மேலப்பாளையம் அம்மா:
நினைத்தேன்.