கணினியும் போனும் தமிழை வாசித்துக் காட்டும் குரல்களில் எது யாருக்கு ஒத்துவந்தது? பெங்களூரு அனுபவங்கள்

அல்சூர்வாசி:
அம்மாவுக்கு எழுபது தாண்டிவிட்டது. பத்திரிகைக் கட்டுரைகளை எட்ஜ் உலாவியில் சத்தமாக வாசிக்க விட்டுக் கேட்பார். அதில் பல்லவி, வள்ளுவர் என்று தமிழ்க் குரல்கள் உண்டு. எனக்குப் பிடித்தது பல்லவி. அம்மாவோ, "அந்தப் பொண்ணு வாய்க்குள்ளேயே பேசுது" என்று சொல்லிவிட்டார். வயதானால் கீச்சு ஒலிகள்தான் முதலில் காதுக்கு எட்டாமல் போகும் என்று டாக்டர் சொன்ன பிறகு ஆண் குரலான வள்ளுவருக்கு மாற்றி, வேகத்தையும் குறைத்தேன். அப்புறம் புகாரே இல்லை. சிங்கப்பூர்த் தமிழ்க் குரலான வெண்பாவையும் போட்டுக் காட்டினேன். "யாரு இது, வெளியூரா?" என்றார்.

பார்வையற்ற வங்கி ஊழியர், இந்திராநகர்:
என் கதை நேர் எதிர். நாள் முழுக்க எனக்கு, கணினித் திரையில் இருப்பதைச் சத்தமாக வாசித்துச் சொல்லும் என்.வி.டி.ஏ. என்ற திரைவாசிப்பான் மென்பொருள்தான். மைக்கேல் கரன் என்ற பார்வையற்ற ஆஸ்திரேலியர் 2006இல் தொடங்கியது; இலவசம். அதோடு வரும் ஈஸ்பீக் குரல் தகர டப்பாவுக்குள்ளிருந்து பேசுவது போல இருக்கும். ஸ்பீக்கர் கெட்டுப்போச்சா என்று பக்கத்து சீட்காரர் கேட்டிருக்கிறார்!

ஆனால் அது யாருடைய பேச்சையும் பதிவு செய்து ஒட்டியதல்ல, விதிகளை வைத்து ஒலியை அப்போதைக்கப்போது உருவாக்குவது. எவ்வளவு வேகமாக ஓட்டினாலும் எழுத்துகள் குழையாது, விசையைத் தொட்டதுமே பேசும். இணையம் வழியே வரும் இனிமையான குரல்கள் ஒரு கணம் யோசிக்கும். கணக்கு எண்ணை அம்புக்குறி விசையால் இலக்கம் இலக்கமாகச் சரிபார்க்கும்போது அந்த ஒரு கணம் உயிரை வாங்கிவிடும். ராத்திரி நாவல் கேட்கும்போது மட்டும் பல்லவி. சாவு வீட்டுக் காட்சியைத் தகரக் குரலில் கேட்க என்னாலும் முடியாது.

பர்ப்பிள் லைன் பயணி:
மெட்ரோ கப்பன் பார்க்கில் பூமிக்குள் போனால் மெஜஸ்டிக் தாண்டும் வரை எனக்கு இணையக் குரல் விட்டுவிட்டுத்தான் வருகிறது. ஆண்ட்ராய்டில் கூகுளின் தமிழ்க் குரலை முன்கூட்டியே இறக்கி வைத்துக்கொண்டேன். கொஞ்சம் கரடுமுரடுதான், ஆனால் நிற்பதில்லை.

அல்சூர்வாசி:
சரி, இன்னொரு சந்தேகம். எங்கள் அப்பார்ட்மென்ட் வாட்ஸ்அப் குழுவில் எல்லாரும் ஆங்கில எழுத்தில்தான் தமிழ் அடிக்கிறார்கள். எந்தக் குரலைப் போட்டாலும் ஏதோ புரியாத பாஷையாகத்தான் வருகிறது. தண்ணீர் லாரி எத்தனை மணிக்கு என்பதைக்கூட அம்மாவால் பிடிக்க முடியவில்லை. வழி தெரிந்தவர்கள் சொல்லுங்களேன்.